கொடுத்த முகமும் கொண்ட முகமும்

நெடுஞ்சாலைப் பயணத்தைக் காட்டும் ஆவணப் படங்களில் தேநீர்க் கடைக்காரர், லாரி ஓட்டுநர், ஆடு மேய்ப்பவர் என எளிய மனிதர் பலர் தோன்றி மறைகின்றனர். படம் எடுத்தவர் புகழ் பெறுகிறார். தோன்றியவர் அப்படத்தைப் பார்த்தாரா என்பதும் நமக்குத் தெரிவதில்லை. ஒருவரது முகத்தையும் வாழ்வையும் எடுத்துச் செல்ல வழிப்போக்கருக்கு உரிமை எங்கிருந்து வந்தது?

சிராவகர் ஏற்கும் அணுவிரதங்கள் ஐந்தனுள் கள்ளாமையும் ஒன்று. பிறர் பெட்டியைத் திறவாதிருப்பது மட்டும் அவ்விரதமாகாது. உடையவர் உவந்து அளிக்காத எதனையும் கொள்ளாமையே அதன் முழுப்பொருள். படம் எடுப்பதால் ஒருவரிடம் என்ன குறைந்தது என்று சிலர் கேட்பர். பொருள் குறையவில்லை; தம்மைப் பிறர் எவ்வாறு காண வேண்டும் எனத் தாமே முடிவு செய்யும் உரிமை குறைந்தது. அது பொருளினும் பெரிது.

இசைவு பெற்றுவிட்டால் கடமை தீர்ந்ததா? பிரெஞ்சு இயக்குநர் ஆக்னெஸ் வர்தா சிறிய டிஜிட்டல் கேமராவுடன் பிரான்சு நாட்டுச் சாலைகளில் பயணம் செய்து, அறுவடைக்குப் பின் வயலில் எஞ்சியவற்றையும் நகரில் பிறர் எறிந்தவற்றையும் பொறுக்கி வாழ்வோரைக் குறித்து 2000-ஆம் ஆண்டில் ஓர் ஆவணப் படம் வெளியிட்டார். அதில், பாரிசுச் சந்தை முடிந்தபின் எஞ்சிய காய்கறிகளை எடுத்து உண்ணும் ஒருவர் வருகிறார். அக்காட்சியோடு படம் நகர்ந்திருந்தால் அவரை இரவலர் என்றே எண்ணியிருப்போம். இயக்குநர் அவரோடு பேசினார், பின்தொடர்ந்தார். அவர் பட்டம் பெற்றவர். தாம் தங்கியிருந்த விடுதியில், புலம்பெயர்ந்து வந்தோர்க்கு மாலைதோறும் ஊதியமின்றி எழுத்தறிவித்தவர் என்பது அதனால் புலனாயிற்று. ஒரு பொருளுக்குப் பல இயல்புகள் உண்டு என்னும் அநேகாந்தம் தத்துவ வாதத்திற்கு மட்டும் உரியதன்று. சாலையோரத்தில் நிற்கும் மனிதருக்கும் அது பொருந்தும். ஒருவரை ஒரே கோணத்தில் காட்டி முடிப்பது ஏகாந்தப் பிழையே.

இரண்டாண்டுகள் கழித்து, 2002-இல், வர்தா அம்மனிதர்களிடம் மீண்டும் சென்றார். இயக்குநர் தம்மையே படத்தில் காட்டிக்கொண்ட பகுதிகள் தேவையற்றவை என்று அந்த ஆசிரியர் நேரிலேயே கூறினார். அக்குறையை வர்தா நீக்கவில்லை. தம் அடுத்த படத்தில் சேர்த்தே வெளியிட்டார். பார்க்கப்பட்டவர் பார்த்தவரை அளந்து கூற இடம் அளித்ததே இங்கு அறம்.

இன்று நம் ஒவ்வொருவர் கையிலும் கேமரா உள்ள கைப்பேசி இருக்கிறது. மேல்சித்தாமூருக்கும் சிரவணபெளகொளாவிற்கும் யாத்திரை செல்லும் நாமும் வழியில் காண்போரைப் படம் பிடிக்கிறோம், உறவினர்க்கு அனுப்புகிறோம். சுமை தூக்கும் முதியவரும், பூக்கட்டும் பெண்ணும், வெறுங்காலுடன் நடக்கும் குழந்தையும் நம் பயணத்திற்கு அலங்காரங்கள் அல்லர். முதலில் பேசுவோம், பின்னர் கேட்போம், மறுத்தால் கைப்பேசியை உள்ளே வைப்போம். இசைந்தால், எடுத்த படத்தை அவர்க்கே முதலில் காட்டுவோம். கள்ளாமை விரதத்தை இக்காலத்தில் காப்பதற்கு இதுவும் ஒரு வழியாகும்.