இடது கைக் கோடு

மாரண்டஹள்ளி, பாலக்கோடு பக்கம் விடிய விடிய நடக்கும் தெருக்கூத்துகளில், முன்னால் ஆடுகிறவர்களைவிடப் பின்பாட்டுக்காரர்களைக் கவனிக்கத் தோன்றும். ஒரு காலத்தில் மர அணிகள் பூட்டிய கட்டைவேஷம் கட்டிக் கிறுகிறுவென்று சுற்றி ஆடியவர்களுக்கு முட்டி ஒத்துழைக்காமல் போகும். ஆனாலும் வீட்டில் உட்கார மாட்டார்கள். பின்னால் நின்று பாடுவார்கள். இது தோற்று ஒதுங்குவதா, நிறைவா?

ஓவியர் கோபுலுவின் கடைசிக் காலம் இதற்குப் பதில் வைத்திருக்கிறது. 1924இல் தஞ்சாவூரில் பிறந்த கோபாலனுக்கு, 'கோபுலு' என்று பெயர் வைத்தவர் ஓவியர் மாலி. 'தில்லானா மோகனாம்பாள்' ஆனந்த விகடனில் தொடராக வந்தபோது சிக்கல் சண்முகசுந்தரத்துக்கும் மோகனாவுக்கும் முகம் கொடுத்தது அவர் பேனாதான். சினிமா 1968இல்தான் வந்தது. சாவியின் 'வாஷிங்டனில் திருமணம்' கதைக்கும் அவர் படங்களே. ஒரு சொல்கூட இல்லாமல் சிரிக்க வைக்கும் அவருடைய துணுக்குகளில், புருவம் கொஞ்சம் ஏறினால் போதும், கதை புரிந்துவிடும்.

முதுமையில் பக்கவாதம் வந்து வலது கை செயலிழந்தது.

அவர் இடது கையால் வரையப் பழகினார்.

சொல்ல எளிது. வலது கை இடமிருந்து வலமாக இழுத்துக்கொண்டு போகும் கோட்டை, இடது கை தள்ளிக்கொண்டு போக வேண்டும். நிப்பு காகிதத்தில் குத்தும். ஈரம் காயாத மையின் மேல் கையே ஊர்ந்துபோகும். கை புதுசு, கண்ணோ அறுபது வருடம் தேர்ந்த கண். கோடு எங்கே தளர்ந்தது என்று அந்தக் கண்ணுக்கு உடனே தெரிந்துவிடும். ஒன்றாம் வகுப்புப் பிள்ளைக்கு இந்த வேதனை இல்லை. தன் கிறுக்கலே அதற்கு அழகு. மேதைக்கு அந்தச் சலுகை கிடையாது.

பழைய கோடுகளின் புகழிலேயே மிச்சக் காலத்தைக் கழித்திருக்கலாம், யாரும் குறை சொல்லியிருக்க மாட்டார்கள். அவரோ தன் கோணல் கோட்டையே பொறுத்துக்கொண்டு அடுத்த கோட்டைப் போட்டார். வயதான கலைஞரின் திருப்தி என்று நாம் சொல்வது 'போதும்' என்று கையைக் கட்டிக்கொள்வதை அல்ல என்பதற்கு இதைவிட வேறு சாட்சி வேண்டுமா? பெயர் எடுப்பதற்கு இனி ஒன்றும் பாக்கியில்லை; வரைவதில் மட்டும் பாக்கி இருந்தது.

2015 ஏப்ரலில், தொண்ணூறாவது வயதில் கோபுலு காலமானார். இடது கையால் அவர் வரைந்த படங்களும் அச்சேறியிருக்கின்றன.