நல்லுரை கூறுதல்

பிறர்க்கு நல்லன எடுத்துரைத்தல் அறமேயாம். எனினும், உரைக்கப்படுவது நன்றாயிருத்தல் மாத்திரையானே அவ்வறம் நிரம்புமோ என்பது ஆராயற்பாலது. நல்லுரை கூறுவோர் பலராகவும் அதனாற் பயனுறுவோர் சிலராகவும் இருத்தலை நாடோறுங் காண்கின்றோம். இதனைக் கேட்போரது குற்றமென்று கொள்ளுதல் எளிது. கூறுவோராகிய நம்பால் யாதேனுங் குற்றமுண்டோ என நோக்குதல் அரிது.

சேக்கிழார் பெருமான் விரித்தருளிய திலகவதியார் வரலாறு ஈண்டு நினைக்கத்தக்கது. தம்பியார் மருணீக்கியார் சமண்சமயஞ் சார்ந்து தருமசேனர் எனப் பெயர்பெற்று விளங்கிய நாளில், அம்மையார் அவர்பாற் சென்று வாதித்தாரல்லர். திருவதிகை வீரட்டானத்தில் அலகிட்டும் மெழுகியும் தொண்டாற்றி, தம்பியாரை ஆட்கொள்ளுமாறு இறைவனையே வேண்டியிருந்தார். சூலைநோயுற்ற தம்பியார் ஆள்விடுத்தபோதும், ஆங்கு வாரேன் என மறுத்தார். அவர் இரவிலே தாமே வந்து அடிவீழ்ந்து உய்யும் நெறி வேண்டிய பின்னரே திருநீறளித்தார். அறியாமையால் வந்த துயரென இரங்கினாரேயன்றி, முன்னமே உணர்ந்திலையே எனப் பழித்தாரல்லர். வழி இதுவெனச் சொல்லி நின்றுவிடாது, விடியுமுன் தம்மொடு திருக்கோயிலுக்கு உடனழைத்துஞ் சென்றார்.

கேட்கும் உயிரின் பக்குவம் நோக்காது பெய்யும் நல்லுரை, பசியாதவன் வாயில் ஊட்டும் சோறு போலும். இறைவனும் மலபரிபாகம் நோக்கியன்றோ அருள் பதிக்கின்றான்? நாம் அதனினும் விரைதல் எற்றுக்கு?

அற்றேல், நண்பன் நெறிதவறுமிடத்து வாளாவிருத்தலோ தக்கது? திருவள்ளுவனார் நட்பதிகாரத்துள், வரம்பு கடப்போனைக் கடிந்து திருத்துதலை நட்பின் பயனாகவே வைத்தாரன்றோ எனின், உண்மையே. கிணற்றை நோக்கி நடக்குங் குருடனைத் தடுப்பதற்கு அவன் வினாவும்வரை காத்திருத்தல் கொலையோடொக்கும். ஆயினும், அவ்வுரிமையை நட்பின்கண் வைத்தமையான், அன்பு முன்செல்லாவழிக் கடிந்துரை செல்லாதென்பது பெறப்படும்.

நம் உரையை அளத்தற்கு ஓர் உரைகல் உளது. நாம் சொல்லியதனைப் பிறர் கொள்ளாதவிடத்து நம் உள்ளத்தெழுவது யாது? இரக்கமாயின், உரைத்தது அவர்பொருட்டு. வெகுளியாயின், உரைத்தது நம்பொருட்டு. நன்மை என்னும் போர்வைக்குள் ஆணவம் எளிதின் ஒளிக்கும். நெடுங்காலம் தம்பியார் திரும்பாதிருந்தும் அம்மையார்க்கு வெகுளி எழவில்லை, வேண்டுதலே எழுந்தது. அவ்வுள்ளம் நமக்கு வாய்க்குமளவும், பிறர்க்கு உரைக்குமுன் நமக்கே ஒருமுறை உரைத்துக்கொள்ளுதல் நலமாம்.