ஸ்பேனர் பிடித்தவன்

திருமழபாடி நந்தி கல்யாணத்தை நேரில் பார்க்கிறவர்கள் அட்சதை போடுகிறார்கள். நேரலையில் பார்க்கிறவர்கள் போன் நம்பரைப் போடுகிறார்கள். பையன் பெயர், வயது, நட்சத்திரம், படிப்பு, சம்பளம், கடைசியில் பத்து இலக்கம். பங்குனி புனர்பூசத்தன்று கொள்ளிடக் கரையில் நந்திக்கும் சுயசாம்பிகைக்கும் திருமணம். மாப்பிள்ளை வீட்டாராகத் திருவையாற்றிலிருந்து ஐயாறப்பர் வந்து சேருவார். நந்தி கல்யாணம் பார்த்தால் முந்திக் கல்யாணம் என்பது எங்கள் பக்கத்து நம்பிக்கை. அரியலூர், பெரம்பலூர்ப் பிள்ளைகள் வளைகுடாவிலும் சிங்கப்பூரிலும் வேலைக்கு இருக்கிறார்கள். அவர்களால் வர முடியாது, அவர்கள் ஜாதகம் மட்டும் வருகிறது.

அந்த நம்பர்களை அழிப்பது என் வேலை. ஏமாற்றுக்காரன் கையில் கிடைத்தால் அன்று ராத்திரியே 'உங்க பையனுக்கு ஏத்த வரன் இருக்கு, பதிவுக் கட்டணம் கட்டுங்க' என்று கூப்பிடுவான். ஒரு அம்மா அழிக்க அழிக்கத் திரும்பப் போட்டுக்கொண்டே இருந்தார். "அம்மா, நம்பரை இங்க போடாதீங்க, யார் வேணாலும் எடுத்துக்குவாங்க" என்று எழுதினேன். "சாமி பாக்கட்டும்னுதான் போட்டேன்" என்று பதில் வந்தது. அதற்கு மேல் அவரிடம் என்ன பேசுவது?

அரியலூரில் என் அக்கா மகன் ஸ்டுடியோ வைத்திருக்கிறான். கல்யாணம், காதுகுத்து என்று ஓடிக்கொண்டிருந்த தொழிலில் கொரோனாவுக்குப் பிறகு லைவ் சேர்ந்துகொண்டது. 2020 மே 4 அன்று மதுரை மீனாட்சி திருக்கல்யாணமே பக்தர்கள் இல்லாமல் இணையத்தில் ஒளிபரப்பானதை எல்லோரும் பார்த்தார்கள். அதன் பிறகு தீமிதி நடத்தும் சின்ன ஊர் விழாக் குழுகூடப் பந்தலுக்கும் மேளத்துக்கும் அட்வான்ஸ் கொடுக்கும்போதே "லைவ் உண்டா தம்பி?" என்று கேட்கிறது. "கேமராவுக்கே ஆள் பத்தல மாமா, சாட்டை யார் பாக்கறது? நீங்க வீட்டுல சும்மாதானே இருக்கீங்க" என்றான் அக்கா மகன். யூடியூபில் மாடரேட்டர் பெயருக்குப் பக்கத்தில் நீல நிறத்தில் ஒரு சின்ன ஸ்பேனர் தெரியும். ஆயுதமா கருவியா என்பது பிடிக்கிறவனைப் பொறுத்தது.

அதை வைத்துச் செய்யக்கூடியவை கொஞ்சம்தான். ஒரு வரியை நீக்கலாம். ஒருவரைச் சிறிது நேரம் எழுதவிடாமல் நிறுத்தலாம். ரொம்பப் போனால், அந்தச் சேனலிலேயே அவரை மறைத்துவிடலாம். மூன்றாவதுதான் எனக்கு உறுத்துகிறது. மறைக்கப்பட்டவருக்கு அறிவிப்பு எதுவும் போகாது. அவர் பாட்டுக்கு எழுதிக்கொண்டிருப்பார். வேறு யாருக்கும் அது தெரியாது. ஊரைவிட்டு ஒதுக்கிவைக்கும் கொடுமை நம் கிராமங்களுக்குப் புதிதில்லை. ஆனால் அதில்கூடப் பஞ்சாயத்து கூடும், நாலு பேர் முன்னால் சொல்லுவார்கள், ஒதுக்கப்பட்டவனுக்குத் தான் ஒதுக்கப்பட்டது தெரியும், கோர்ட்டுக்குப் போகலாம். இங்கே விசாரணையும் கிடையாது, தீர்ப்பு வாசிப்பதும் கிடையாது. கயிற்றுக் கட்டிலில் சாய்ந்துகொண்டு, டீ ஆறுவதற்குள் ஒரு மனிதனை ஊமையாக்கிவிட முடிகிறது. அதனால் அந்தப் பொத்தானை விளம்பரக் கும்பலுக்கு மட்டும் என்று வைத்திருக்கிறேன். மற்றவர்களுக்கு முதல் இரண்டு போதும்.

தடை செய்ய வேண்டிய சொற்களின் பட்டியலைக் கொடுத்துவிட்டால் இயந்திரமே பிடித்து நிறுத்திவைக்கும் என்பார்கள். ஓரளவுக்கு நிறுத்தும். ஆனால் நம் ஆட்கள் தமிழை ஆங்கில எழுத்தில் எழுதுகிறவர்கள். ஒரே கெட்ட வார்த்தைக்கு எட்டு விதமாக ஸ்பெல்லிங் போடுவார்கள், நடுவில் புள்ளி வைப்பார்கள், நெடிலுக்கு மூன்று எழுத்து சேர்ப்பார்கள். பாரதி ராஜா சக்கரவர்த்தி என்ற ஆய்வாளரும் கூட்டாளிகளும் இப்படித் தமிழும் ஆங்கிலமும் கலந்த 15,744 யூடியூப் பின்னூட்டங்களைத் திரட்டி, புகழ்கிறதா திட்டுகிறதா என்று ஒவ்வொன்றையும் மனிதர்களைக் கொண்டே வகைப்படுத்தி 2020இல் வெளியிட்டார்கள். இயந்திரத்துக்குப் பாடம் நடத்தவே அவ்வளவு மனிதக் கண்கள் தேவைப்பட்டிருக்கின்றன. பாராட்டிலும் 'டா' வரும், சண்டையிலும் 'டா' வரும். இரண்டையும் பிரித்தறிய நமக்கே முந்தின வரியைப் படிக்க வேண்டியிருக்கிறது.

வசவைக் கண்டுபிடிப்பது சிரமமில்லை. நான் பார்ப்பது வேறு ஒன்றை. திருவிழாவின் இரண்டாம் நாளோ மூன்றாம் நாளோ இரவில் கரகாட்டம் இருக்கும், ஆடல் பாடல் இருக்கும். சாயங்காலம் அம்மன் அலங்காரத்தின்போது சாட்டில் பெண்கள்தான் அதிகம். பலர் மகனுடைய போனில் மகனுடைய ஐடியிலிருந்தே எழுதுவார்கள். 'கெத்து பாய்' என்ற பெயரில், மண்டையோட்டுப் படத்தோடு, "தாயே, பேத்திக்குக் காய்ச்சல் நிக்கணும்" என்று வரும். பத்து மணிக்கு மேடையில் ஆட்டம் தொடங்கியதும் ஆடுகிற பெண்ணைப் பற்றி ஒருவன் ஏதோ எழுதுவான். இன்னொருவன் சிரிப்புப் பொம்மை போடுவான். அடுத்த சில நிமிடங்களில் அந்தப் பாட்டிகளும் அக்காக்களும் இருந்த இடம் தெரியாது. யாரும் கோபித்துக்கொண்டு போவதில்லை; சொல்லிக்கொண்டும் போவதில்லை. எழுதியவன் கண்ணுக்குத் தெரிகிறான். எழுதாமல் போனவர்களை நாம்தான் தேட வேண்டும். எதை அழிப்பது என்ற கேள்விக்கு இதைத் தவிர எனக்கு வேறு அளவுகோல் அமையவில்லை. ஒரு வரியால் யார் எழுந்துபோகிறார்கள்? வெறும் முகச்சுளிப்பு என்றால் விட்டுவிடுவேன். ஒரு சாராரே எழுந்துபோனால் அந்த வரி இருக்கக் கூடாது. மேடையில் ஆடுகிற பெண்ணுக்குச் சாட்டைப் பார்க்க நேரமில்லை, ஆனால் விடிந்ததும் அவள் வீட்டில் யாராவது பார்ப்பார்கள்.

எழுந்துபோவது ஒன்று, எரிச்சல்படுவது வேறு. ஐப்பசிப் பௌர்ணமியில் கங்கைகொண்ட சோழபுரத்து அன்னாபிஷேகம். 13.5 அடி உயர லிங்கத்தை மறைக்க ஏறத்தாழ நூறு மூட்டை அரிசி வடித்துச் சாத்துகிறார்கள். கூடை கூடையாக ஆவி பறக்கச் சோறு உள்ளே போய்க்கொண்டிருந்த நேரத்தில் ஒருவர் எழுதினார்: "இத்தனை சோறு இருந்தா எத்தனை பிள்ளைங்க சாப்பிடும்?" அவ்வளவுதான், வசவு கொட்டியது. அவரை நீக்கச் சொல்லி என்னைப் பெயர் சொல்லிக் கூப்பிட்டவர்களே பத்துப் பேருக்கு மேல். வசவுகளை நீக்கினேன், கேள்வியை விட்டுவைத்தேன். கடவுளைக் கேள்வி கேட்பது தமிழ்நாட்டில் நேற்று வந்த பழக்கமா என்ன? கொஞ்ச நேரத்தில் ஜெயங்கொண்டத்துக்காரர் ஒருவர் பொறுமையாகப் பதில் போட்டார்: "சாயங்காலம் இறக்கி எல்லாருக்கும் பிரசாதமாத்தான் குடுக்கறாங்க, நான் வருஷா வருஷம் சாப்பிடறேன்." கேட்டவர் சமாதானமானாரா என்று தெரியவில்லை, ஆனால் கடைசிவரை பார்த்துக்கொண்டிருந்தார். கேள்வியை அழித்திருந்தால் அந்தப் பதிலுக்கும் இடம் இருந்திருக்காது.

அதே ஊரில் எனக்குப் பிடிபடாத விஷயம் ஒன்று உண்டு. ஆடித் திருவாதிரை ராஜேந்திர சோழனின் பிறந்த நட்சத்திரம் என்று கொண்டாடப்படுகிறது. 2025 ஜூலை 27 அன்று பிரதமர் வந்தார், இளையராஜா இசை நிகழ்ச்சி நடந்தது, நாடு முழுக்க நேரலை. கட்சிக் கோஷம் பரவாயில்லை, வந்த வேகத்தில் போய்விடும். "எங்கள் குலத்து மாமன்னருக்கு வணக்கம்" என்று மூன்று நான்கு சாதிக்காரர்கள் அடுத்தடுத்து எழுதுவது ஒவ்வொரு ஆண்டும் நடக்கிறது. ஆயிரம் ஆண்டுக்கு முன்னால் கடாரம்வரை கப்பல் அனுப்பியவனுக்கு இன்றைக்கு இத்தனை பங்காளிகள். அந்த வரியில் கெட்ட வார்த்தை இல்லை, மரியாதை நிறைய இருக்கிறது. எந்த விதியிலும் அது சிக்காது. ஆனால் அது வந்ததும் சிலர் எழுந்துபோவதை நான் பார்க்கிறேன். என் அளவுகோல்படி அழிக்க வேண்டும். வணக்கம் சொன்னவனை அழிக்கிறாயா என்று கேட்டால் பதில் இல்லை. அடுத்த வரி, "நீங்கெல்லாம்…" என்று தொடங்கும்வரை காத்திருக்கிறேன். கோழைத்தனம் என்றும் இதைச் சொல்லலாம்.

அடுத்தவர் எழுதியதற்கு நாம் பொறுப்பா என்ற விஷயத்தில் சட்டம் கொஞ்சம் கருணையோடுதான் இருக்கிறது. கரூர் வழக்கறிஞர்களின் வாட்ஸ்அப் குழு தொடர்பான வழக்கில், அட்மினாக இருந்ததைத் தவிர வேறெதுவும் செய்யாதவரைக் குற்றப்பத்திரிகையில் சேர்க்க வேண்டியதில்லை என்று உயர் நீதிமன்ற மதுரைக் கிளை 2021 டிசம்பரில் சொன்னது. படித்துவிட்டு அக்கா மகன் நிம்மதிப் பெருமூச்சு விட்டான். எனக்கு அப்படி விட முடியவில்லை. 2019 மார்ச் 15 அன்று நியூசிலாந்தின் கிறைஸ்ட்சர்ச் பள்ளிவாசல்களில் தொழுதுகொண்டிருந்தவர்களைச் சுட்டவன் அதைப் பேஸ்புக்கில் நேரலையாகக் காட்டினான். நேரலையாக ஓடும்போது பார்த்தவர்கள் இருநூறு பேருக்கும் குறைவு; அப்போது அவர்களில் ஒருவர்கூடப் புகார் கொடுக்கவில்லை என்று அந்த நிறுவனமே சொன்னது. பின்னர் ஒரே நாளில் 15 லட்சம் பிரதிகளை நீக்க வேண்டியிருந்தது. இருநூறு பேர் என்பது எங்கள் சேனலின் சாதாரண நாள் கூட்டம்.

அழிக்கத் துடிக்கிற கைக்கும் ஒரு கடிவாளம் வேண்டும். 2018 ஆகஸ்ட் 22 இரவு முக்கொம்பு மேலணையில் கொள்ளிடத்துப் பக்கம் ஒன்பது மதகுகள் உடைந்து போயின. திருமானூர், திருமழபாடிக்காரர்களுக்குக் கொள்ளிடம் என்றால் வாசல். அன்று எங்கள் லைவ் ஓடிக்கொண்டிருந்து யாரோ முன்பின் தெரியாதவர் "மதகு உடைஞ்சிருச்சு, கரையோரம் இருக்கறவங்க ஜாக்கிரதை" என்று எழுதியிருந்தால், வதந்தி என்று எந்த மாடரேட்டரும் அரை நொடியில் துடைத்திருப்பார். உண்மை முதலில் வரும்போது ஆதாரத்தைக் கையோடு கொண்டுவருவதில்லை.

பெரம்பலூர்ப் பக்கம் ஒரு கிராமத்துத் தேர். ஊர் பெயர் வேண்டாம். வடம் பிடித்து இரண்டாவது தெருவுக்குள் திரும்பும்போது, வேட்டும் பம்பையும் காதைப் பிளந்துகொண்டிருக்க, சாட்டில் ஒரு வரி: "எங்க தெருவுக்குத் தேர் எப்ப வரும்?" வழி தெரியாமல் கேட்கிறார் என்று நினைத்து, வெளிநாட்டிலிருந்த ஒரு பையன் "இன்னும் அரை மணி நேரத்துல வந்துடும் அண்ணா" என்று பதில் போட்டான். "நான் பொறந்ததிலிருந்து வரல தம்பி" என்று வந்தது. அதன் பிறகு சாட்டில் எவரும் பூ போடவில்லை, கும்பிடு போடவில்லை. தேர் மட்டும் போய்க்கொண்டிருந்தது.

விழாக் குழுவிலிருந்து அக்கா மகனுக்குப் போன். அவன் கேமராவைத் தோளில் வைத்துக்கொண்டே என்னைக் கூப்பிட்டான். "மாமா, அந்த வரியை எடுத்துடுங்கன்னு சொல்றாங்க. பிரச்சினை பண்ணத்தான் எழுதறானாம்."

"அதுல என்ன தப்பு இருக்கு மாப்ள?"

"தப்பில்ல. ஆனா பேலன்ஸ் பணம் அவங்ககிட்ட இருக்கு."

அவன் சொன்னதிலும் நியாயம் இருந்தது. டிரோன் கடனில் வாங்கியது. ஆனால் என் அளவுகோலை வைத்துப் பார்த்தால் அந்தக் கேள்வியால் யாரும் எழுந்துபோகவில்லை. எழுதியவர்தான் பிறந்ததிலிருந்து வெளியே நிற்கிறார். அழிக்கவில்லை. அவரை வைது வந்த இரண்டு வரிகளை மட்டும் எடுத்தேன். மறுநாள் பேலன்ஸ் பணம் வந்தது, கொஞ்சம் குறைத்து.

அடுத்த வருடம் அந்த வேலை வேறு ஸ்டுடியோவுக்குப் போய்விட்டது. தேர் அன்று வழக்கம்போல அதே தெருக்களில் போனதை இருவரும் போனில் பார்த்தோம். படம் எங்களுடையதைவிடத் தெளிவாகவே இருந்தது. அக்கா மகன் திரையைக் கீழே இழுத்துப் பார்த்துவிட்டுச் சொன்னான்: "சாட்டையே மூடிட்டாங்க மாமா. மாடரேட்டர் செலவு மிச்சம்."

"எனக்கு நீ எப்படா காசு குடுத்த?" என்றேன்.