"மூளைச்சலவை" என்று சொல்லும் முன்



மக்காவுக்கு வந்த துஃபைல் இப்னு அம்ர் (ரலி) அவர்களின் சம்பவம் நீங்கள் கேட்டதுதான். தவ்ஸ் கோத்திரத்தில் மதிப்புமிக்கவர், கவிஞர். முஹம்மதின் பேச்சு சூனியம், கேட்டால் குடும்பமே பிரிந்துவிடும் என்று குறைஷிகள் அவரைப் பயமுறுத்தினார்கள். காதில் பஞ்சை அடைத்துக்கொண்டு கஅபாவுக்குப் போனார். பிறகு அவருக்கே ஒரு மாதிரியாகிவிட்டது. நல்லது கெட்டது தெரிந்த நான் கேட்கவே ஏன் பயப்பட வேண்டும் என்று யோசித்தார். கேட்டார், ஈமான் கொண்டார்.

அன்று சூனியம் என்றார்கள். இன்று அதற்குப் பெயர் மூளைச்சலவை. ஒருவர் நமக்குப் பிடிக்காத கொள்கைக்குப் போய்விட்டால், அவர் சுயபுத்தியோடு போயிருக்க முடியாது என்று சொல்ல நமக்கு உரிமை உண்டா?

கொரியாவில் சன் மியுங் மூன் என்பவர் 1954-ல் ஒரு சபையைத் தொடங்கினார். அவரைப் பின்பற்றியவர்கள் அவரை மேசியா என்றே நம்பினார்கள். அந்த நம்பிக்கை வழிகேடு என்பதில் நமக்குச் சந்தேகமில்லை, ஆனால் அது வேறு பேச்சு. 1970-களில் அது மேற்கு நாடுகளில் பரவியபோது, பிள்ளைகளை மயக்கிவிட்டார்கள் என்று பெற்றோர் பதறினார்கள். லண்டனைச் சேர்ந்த சமூகவியலாளர் ஐலீன் பார்க்கர் அதைப் பல ஆண்டுகள் ஆராய்ந்து 1984-ல் நூலாக வெளியிட்டார். 1979-ல் அந்தச் சபையின் தங்கும் முகாம்களுக்குப் போன ஆயிரத்துக்கும் மேற்பட்டவர்களில் சுமார் 90 சதவீதத்தினர் சேரவே இல்லை. சேர்ந்தவர்களிலும் பெரும்பாலோர் இரண்டே ஆண்டுகளில் விலகிவிட்டார்கள். மூளையைச் சலவை செய்யும் வித்தை இருந்திருந்தால் பத்தில் ஒன்பது பேர் எப்படி எழுந்து வீட்டுக்குப் போனார்கள்?

அந்தச் சொல்லை நம்பியதால் நடந்த அநியாயமும் உண்டு. அமெரிக்காவில் டெட் பேட்ரிக் என்பவரும் அவர் வழியில் சென்றவர்களும், பெற்றோரிடம் காசு வாங்கிக்கொண்டு வயதுவந்த பிள்ளைகளைக் கடத்தி, அறையில் பூட்டி, நம்பிக்கையைக் கைவிடும்வரை வாதாடினார்கள். பெற்றோரின் கண்ணீர் உண்மைதான். பூட்டிய கதவும் உண்மைதானே?

இது தூரத்துக் கதை அல்ல. இஸ்லாத்தை ஏற்ற 24 வயது கேரள மாணவியின் திருமணத்தை 2017-ல் அங்குள்ள உயர் நீதிமன்றம் ரத்து செய்து, அவரைப் பெற்றோரின் பொறுப்பில் விட்டது. நம் சேலத்தில் ஹோமியோபதி படித்த பெண் அவர். 2018 மார்ச்சில் உச்ச நீதிமன்றம் அந்தத் தீர்ப்பை ரத்து செய்தது. அப்போது எல்லோரும் கொதித்தோம், நியாயம்தான். ஆனால் நம் மஹல்லாவில் ஒரு வாலிபர் வேறு ஜமாஅத்துக்குப் போனால் நாம் என்ன சொல்கிறோம்? "யாரோ மூளையைக் கழுவிட்டாங்க" என்கிறோம். வெறுப்பு நீதியைத் தடுக்கக் கூடாது என்ற அல்மாயிதா அத்தியாயத்தின் எட்டாம் வசனம் அப்போது மட்டும் நினைவுக்கு வருவதில்லை.

அப்படியானால் எதையும் கண்டுகொள்ளாமல் இருந்துவிடலாமா? முடியாது. 1978 நவம்பர் 18 அன்று கயானா நாட்டின் ஜோன்ஸ்டவுனில் ஒரு தலைவனின் கட்டளையால் 900-க்கும் மேற்பட்டோர் மாண்டார்கள். குழந்தைகளுக்கும் விஷம் புகட்டினார்கள். மேலே சொன்ன மூனின் சபையையே கலைக்கும்படி 2025 மார்ச்சில் டோக்கியோ மாவட்ட நீதிமன்றம் உத்தரவிட்டது. காரணம் அதன் கொள்கை அல்ல, மக்களை நெருக்கிக் காணிக்கை வாங்கிக் குடும்பங்களைச் சீரழித்தது. முகாமிலிருந்து சுதந்திரமாக எழுந்துபோக முடிந்த அதே சபையில்தான் இந்த அநியாயமும் நடந்தது.

எனவே பிள்ளை ஒரு கூட்டத்தின் பின்னால் போனால், எதை நம்புகிறாய் என்று சண்டை பிடிப்பதற்கு முன்னால் வேறு சிலவற்றை விசாரியுங்கள். அங்கே கேள்வி கேட்டால் பதில் சொல்கிறார்களா, முகம் சுளிக்கிறார்களா? உம்மாவுக்கு போன் செய்ய விடுகிறார்களா? சம்பளப் பணம் எங்கே போகிறது? நாளைக்கே வேண்டாமென்று வந்துவிட்டால் அவனை என்ன செய்வார்கள்?