சோக்கலோவில் கழன்ற வெட்கம்

2007 மே 6, விடியற்காலை. மெக்சிகோ நகரின் சோக்கலோ சதுக்கத்தில், பேராலயத்துக்கும் தேசிய அரண்மனைக்கும் முன்னால், சுமார் 18,000 பேர் ஆடையின்றிக் கல்தரையில் நெருக்கமாகப் படுத்திருந்தார்கள். அமெரிக்கப் புகைப்படக் கலைஞர் ஸ்பென்சர் டுனிக்குக்காக அத்தனை பேர் திரண்டது அதற்கு முன் நடந்ததில்லை.

கத்தோலிக்கம் ஆழ வேரோடிய நாடு அது. விலக்கப்பட்ட கனியைத் தின்ற பிறகே ஆதாமும் ஏவாளும் தங்கள் நிர்வாணத்தை அறிந்தார்கள் என்கிறது விவிலியம். அப்படியானால் வெட்கம் பிறந்த இடம் உடல் அல்ல, அறிவு. பிரெஞ்சுத் தத்துவவாதி சார்த்தர் அதைப் பிறர் பார்வையில் கண்டார்: இன்னொருவர் கண்ணுக்கு வெறும் பொருளாகிவிட்டோம் என்று உணரும்போதுதான் மனிதன் கூசுகிறான்.

எல்லோரும் அம்மணமாக இருந்தபோது அந்தக் கண்ணுக்கு வேலையே இல்லை. ஏழை யார், பணக்காரர் யார் என்று சொல்லத் துணி இல்லை. இதைக் கொச்சை என்று தள்ளுவது பெரும் தவறு.

ஆனால் அன்றே இன்னொன்றும் நடந்தது. பெண்களை மட்டும் நிறுத்திப் படமெடுத்தபோது, அதற்குள் உடுத்திக்கொண்ட ஆண்கள் சிலர் கைப்பேசியில் அவர்களைப் படம்பிடித்தார்கள். சற்றுமுன் அதே தரையில் அதே கோலத்தில் கிடந்தவர்கள்தான் அவர்கள். சட்டையைப் போட்டதும் பார்ப்பவன் என்ற அதிகாரத்தையும் சேர்த்தே போட்டுக்கொண்டார்கள். அந்தப் பெண்கள் அதற்குச் சம்மதித்து வந்திருக்கவில்லை.