செய்தவர், செய்வித்தவர், உடன்பட்டவர்

ஒரு செயலின் பயன் யாரைச் சேரும் என்பது இந்தியச் சமயங்கள் நெடுங்காலமாக ஆராய்ந்துவரும் வினாவாகும். திரைப்படத்தில் ஒருவர் உயிரைப் பணயம் வைத்துக் குதிக்க, இன்னொருவரின் முகம் அந்தத் துணிவுக்கு உரியதாகப் புகழ்பெறும்போது அவ்வினா புதிய கூர்மை பெறுகிறது. அமெரிக்கத் துணை நடிகரும் சண்டைக் கலைஞருமான யகிமா கனட்டின் (1895–1986) தொழில்வாழ்க்கை இதை ஆராய்வதற்கு ஏற்ற சான்று.

வாஷிங்டன் மாநிலத்தில் பிறந்து, ரோடியோ எனப்படும் முரட்டுக் குதிரையேற்றப் போட்டிகளில் பட்டங்கள் வென்று, மௌனப்படங்களில் நாயகனாகவும் நடித்த கனட்டின் குரல் நோயினால் கெட்டிருந்தது. எனவே பேசும்படம் வந்தபின் அவருக்கு வில்லன் வேடங்களும், ஆபத்தான காட்சிகளில் நாயகனுக்கு மாற்றாகத் தோன்றும் ‘டூப்’ வேலையுமே பெரிதும் எஞ்சின. ஜான் ஃபோர்டு இயக்கிய ‘ஸ்டேஜ்கோச்’ (1939) படத்தில், ஓடும் குதிரைகளின்மீது தாவி, சுடப்பட்டு, அவற்றின் நடுவே விழுந்து இழுபட்டு, வண்டி தம்மைக் கடந்துபோகும்படி தரையில் கிடக்கும் அபாச்சி வீரராகத் தோன்றியவர் அவர். அதே துரத்தலில் நாயகன் ஜான் வெயினுக்கு மாற்றாகக் குதிரைவிட்டுக் குதிரை தாவியவரும் அவரே. கதையில் கொன்றவனும் கொல்லப்பட்டவனும் ஒரே உடலின் உழைப்பால் உருவாயினர். புகழோ வெயினையே சேர்ந்தது.

இதற்குப் பகவத்கீதையின் நிட்காம கர்மக் கொள்கை, அதாவது பயனில் பற்று வைக்காமல் கடமையைச் செய்ய வேண்டும் என்னும் நெறி, ஒரு விடை தருவதுபோலத் தோன்றலாம். ஆனால் பற்றைத் துறப்பது செய்பவர் தாமே மேற்கொள்ளும் அகப்பயிற்சி. பிறர் அவர்மீது சுமத்தக்க நிபந்தனை அன்று. ஒருவர் புகழை வேண்டாமென்று விடுவது துறவாகும். அவருக்குரிய புகழைப் பிறர் மறைத்துவிட்டு அதைத் துறவு என்று போற்றுவது அநீதியாகும்.

இந்த இடத்தில் சமண அறநெறியின் பகுப்பு தெளிவு தருகிறது. வினையைத் தானே செய்தல், பிறரைக் கொண்டு செய்வித்தல், பிறர் செய்வதற்கு உடன்பட்டு மகிழ்தல் என மூவகையாகப் பிரிக்கும் அந்நெறி, மூன்றினாலும் வினை உயிரைப் பற்றும் என்கிறது. இதன்படி கலைஞரும் தயாரிப்பாளரும் மட்டுமல்லாமல், கட்டணம் செலுத்திக் கைதட்டும் பார்வையாளரும் அச்செயலில் பங்குடையவர் ஆகிறார். கலைஞர் தாமே இசைந்து கூலி பெறுகிறாரே என்று மறுக்கலாம். ஆயினும் ஆபத்தின் அளவு தெரிந்து, வேண்டாமென்று மறுக்கவும் இடமிருந்தால்தான் இசைவு இசைவாகும். விலங்குகளுக்கோ அத்தகைய இசைவே இல்லை. ஓடும் குதிரையின் முன்கால்களில் கம்பியைக் கட்டி அதைக் கவிழ்க்கும் முறையைக் கனட்டும் கையாண்டார் என்பதை மறைக்க வேண்டியதில்லை. ‘ஜெஸ்ஸி ஜேம்ஸ்’ (1939) படத்துக்காகச் செங்குத்தான பாறையிலிருந்து விழச்செய்யப்பட்ட குதிரை இறந்ததால் எழுந்த எதிர்ப்பு வலுவடைந்து, 1940 முதல் அமெரிக்க விலங்குநலச் சங்கம் ஒன்று படப்பிடிப்புகளைக் கண்காணிக்கத் தொடங்கியது. உடன்பட்டு மகிழ்ந்தவர்கள் தம் உடன்பாட்டை விலக்கிக்கொண்டபோது செய்விப்பவர்களும் மாற நேர்ந்தது.

பிற்காலத்தில் கனட் தாமே செய்விப்பவர் ஆனார். ‘பென்ஹர்’ (1959) படத்தின் தேரோட்டக் காட்சியை ஆண்ட்ரூ மார்ட்டனுடன் சேர்ந்து அமைத்தபோது, நாயகன் சார்ல்டன் ஹெஸ்டனுக்கு மாற்றாகத் தேரோட்டியவர் கனட்டின் மகன் ஜோ; தேர் துள்ளியபோது முன்புறம் தூக்கியெறியப்பட்ட அவர் முகவாயில் காயத்துடன் தப்பினார். பிறரை ஆபத்தில் நிறுத்துபவர் ஏற்கவேண்டிய பொறுப்பைக் கனட் உணர்ந்திருந்தார் என்பதற்கு, விழும்போது கால் சிக்காமல் விடுபடும் அங்கவடி முதலிய அவருடைய பாதுகாப்புக் கருவிகளே சான்று. 1967இல் அவருக்கு வழங்கப்பட்ட சிறப்பு ஆஸ்கர் விருதும் அவரது துணிவோடு அக்கருவிகளையும் சேர்த்தே பாராட்டியது.

சண்டை வடிவமைப்புக்கெனத் தனி ஆஸ்கர் விருது 2027இல் வெளியாகும் படங்களிலிருந்துதான் தொடங்கவிருக்கிறது. விருது வந்தாலும் வராவிட்டாலும், ஆபத்தைக் கண்டு மகிழும் ஒவ்வொருவரும் அதைச் செய்தவரின் பெயரை அறியவும், அவருடைய பாதுகாப்பைக் கேட்டுறுதி செய்யவும் கடமைப்பட்டவர். மகிழ்ச்சியில் பங்கு கொண்டவருக்குப் பொறுப்பிலும் பங்கு உண்டு.