யாருக்குக் களை?

தோட்டக்கலைப் புத்தகம் எதை எடுத்தாலும் ‘களை’ என்று ஒரு பகுதி இருக்கும். களைக்கு அதில் தரும் விளக்கம் பெரும்பாலும் இதுதான்: வேண்டாத இடத்தில் முளைத்த செடி. கொஞ்சம் நின்று யோசித்துப் பாருங்கள். இலை, வேர், குணம் எதைப் பற்றியும் அந்த விளக்கம் பேசவில்லை. யாருக்கோ வேண்டாம், அவ்வளவுதான். யாருக்கு?

உலகின் மிக மோசமான களைகளைப் பற்றி லெராய் ஹோம் என்ற அறிஞர் இன்னும் சிலரோடு சேர்ந்து 1977-இல் ஒரு பெரிய நூல் வெளியிட்டார். அதில் முதலிடம் கோரைக்கு. இரண்டாவது இடம் எதற்குத் தெரியுமா? நம்ம பிள்ளையாருக்குச் சாத்தும் அறுகம்புல்லுக்கு! இதற்காக அந்த நூலின் மேல் கோபப்பட வேண்டியதில்லை. கரும்பு போட்ட விவசாயியைக் கேட்டால் தெரியும். எத்தனை முறை வெட்டினாலும் மண்ணுக்குள் ஒரு துண்டுத் தண்டு மிஞ்சினால் போதும், மறுபடி தழைத்துவிடும். அதே பிடிவாதத்துக்காகத்தான் உலகில் பல காற்பந்துத் திடல்களில் அதைத் தேடிக் கொண்டுவந்து போடுகிறார்கள். புல் ஒன்றுதான், குணமும் ஒன்றுதான்.

எருக்கு, தும்பை, ஊமத்தை இவற்றையும் பொதுவாக யாரும் பாத்தி கட்டி வளர்ப்பதில்லை. ஊமத்தை விஷம் வேறு. ஆனாலும் சிவ பூஜைக்கு உகந்தவை. “எல்லாரும் ஒதுக்கினதைக் கடவுள் ஏத்துக்கிட்டார்” என்று உருகிப் பேசுவார்கள். எனக்கு அந்த உருக்கம் அவ்வளவாகப் பிடிக்காது. முதலில் ஒதுக்கியது யார்? தான் களை என்பது ஊமத்தைக்குத் தெரியுமா என்ன?

“அப்போ எல்லாத்தையும் அப்படியே விட்டுறலாமாடா?” என்று நண்பன் ஒருவன் கேட்டான். விட முடியாது. களை எடுக்காத பாத்தியில் கீரை கிடைக்காது. ஆனால் ‘எனக்கு இது இங்கே வேண்டாம்’ என்று பிடுங்குவது வேறு, ‘இது கெட்டது’ என்று பிடுங்குவது வேறு. முதலாவதில் முடிவு என்னுடையது, பதில் சொல்ல வேண்டியவனும் நான்தான். இரண்டாவதில் பழி செடியின் தலையில் விழுகிறது, நான் நழுவிவிடலாம்.

நம் செம்பனைத் தோட்டங்களையே எடுத்துக்கொள்வோம். உதிர்ந்த பழம் தாய்மரத்தடியிலேயே முளைக்கும். நாற்றங்காலில் வளர்த்து நட்டது பயிர், தானே முளைத்த அந்தக் கன்று களை! காரணம் இல்லாமல் இல்லை. கலப்பின மரம் என்பதால் கன்று தாயைப் போலவே காய்க்கும் என்ற உத்தரவாதம் கிடையாது, உரத்திலும் பங்குக்கு வரும். அதனால் மருந்தடித்துக் கொல்வார்கள்.

அந்த மருந்துத் தோம்பை முதுகில் சுமந்தவர்களில் பலர் நம் அம்மாக்களும் பாட்டிகளும். பாராகுவாட் அப்படி அடித்த மருந்துகளில் ஒன்று. தோலில் பட்டால் புண்ணாகும், நகம் கெடும், மூக்கில் ரத்தம் வரும். கொஞ்சம் விழுங்கினாலும் உயிர் போகும், முறிவு மருந்து கிடையாது. மலேசியாவில் அதற்கு முழுத் தடை வந்தது 2020 ஜனவரி 1-ஆம் தேதிதான். புல் செத்ததா என்று பார்க்க ஆள் இருந்தது. அடித்தவர்களின் கையைப் பார்க்க?

என் பாட்டியும் மருந்தடித்தவர்தான். லாலான் புல்லை அவர் ஒருநாளும் திட்டிக் கேட்டதில்லை. “அது பாட்டுக்கு மொளச்சுச்சு. மண்டோர் அடிக்கச் சொன்னாரு, அடிச்சோம்” என்பார்.